கர்லிங் கல் ஏன் அந்தப் பக்கம் வளைகிறது? நூறு வருடமாக ஓயாத ஒரு உராய்வுச் சண்டை

குளிர்கால ஒலிம்பிக் வந்தாலே கர்லிங் வீடியோக்கள் சுற்ற ஆரம்பித்துவிடும். 2026 பிப்ரவரியில் இத்தாலியின் கோர்ட்டினாவில் நடந்தபோதும் அப்படித்தான். ஒருவர் முழங்காலை மடக்கிச் சறுக்கிக்கொண்டே வந்து, கைப்பிடி வைத்த ஒரு கனத்த கல்லை விடுகிறார். இரண்டு பேர் அதன் முன்னால் ஓடிக்கொண்டே பிரஷ்ஷால் பனியைத் தேய்க்கிறார்கள். நேராகப் போய்க்கொண்டிருந்த கல் கடைசி சில மீட்டரில் மெல்ல ஒரு பக்கமாக வளைந்து, எதிரணிக் கல்லுக்குப் பின்னால் போய் நின்றுகொள்கிறது. பார்க்கிற யாருக்கும் உடனே வருகிற சந்தேகங்கள்: கல் ஏன் வளைகிறது, எதற்காகத் தேய்க்கிறார்கள், தேய்த்தால் அப்படி என்ன மாறிவிடும்?

"கல் சுழல்கிறது, அதனால் வளைகிறது, சுழலும் பந்து காற்றில் திரும்புவது போல" என்று ஒரு பதில் பரவலாகச் சொல்லப்படுகிறது. அது தவறு. கிட்டத்தட்ட 20 கிலோ எடையுள்ள கல், நொடிக்கு 2 மீட்டர் வேகத்தில் போகும்போது காற்றால் அதை ஒன்றும் செய்ய முடியாது. வளைப்பது பனிதான், அதாவது கல்லின் அடிப்பாகமும் பனியும் தொடுகிற இடத்தில் இருக்கும் உராய்வு. இதுவரைக்கும் எல்லாரும் ஒத்துக்கொள்கிறார்கள். அந்த உராய்வு கல்லை எப்படி வளைக்கிறது என்று கேட்டால்தான் சண்டை ஆரம்பிக்கிறது, அதுவும் 1924 முதல்.

கல், வளையம், தளம்

சண்டைக்குள் போவதற்கு முன்னால் நான்கு விஷயங்கள் தெரிந்திருக்க வேண்டும்.

1. கல். கிரானைட்டில் செய்தது. கைப்பிடி, போல்ட் எல்லாம் சேர்த்து எடை 17.24 கிலோவுக்குக் குறையக் கூடாது, 19.96 கிலோவைத் தாண்டக் கூடாது. சுற்றளவு அதிகபட்சம் 914 மில்லிமீட்டர். ஒலிம்பிக்கில் ஓடும் கற்களுக்கான கிரானைட், ஸ்காட்லாந்தின் மேற்குக் கரைக்கு அப்பால் இருக்கும் எய்ல்சா கிரெய்க் என்ற ஆள் குடியில்லாத சின்னத் தீவிலிருந்து வருகிறது. அந்தக் கல்லின் ஒரு வகை தண்ணீரை ஏறக்குறைய உறிஞ்சுவதே இல்லை. உறிஞ்சினால் அந்த ஈரம் உறைந்து விரியும், விரிந்தால் கல்லின் அடிப்பரப்பு பொடிப்பொடியாக உதிரும், அடிப்பரப்பு மாறினால் கல் போகிற பாதையே மாறிவிடும். அதனால்தான் அந்தத் தீவுக்கு இவ்வளவு மரியாதை.

2. வளையம். கல்லின் அடிப்பக்கம் தட்டையாக இருக்கும் என்றுதான் நினைப்போம், ஆனால் நடுப்பகுதி குழிவாக உள்வாங்கி இருக்கும். பனியைத் தொடுவது சுமார் 12, 13 சென்டிமீட்டர் விட்டமும் 5, 6 மில்லிமீட்டர் அகலமும் உள்ள ஒரு வளையம் மட்டும். இந்தக் கட்டுரையில் இனி நடக்கப்போவதெல்லாம் அந்த வளையத்தின் மேல்தான்.

3. தளம். நீளம் சுமார் 45 மீட்டர், அகலம் 5 மீட்டருக்குள். ஹாக் கோடு என்று ஒன்று உண்டு, அதைத் தாண்டுவதற்குள் கல்லைக் கையிலிருந்து விட்டுவிட வேண்டும். அங்கிருந்து மறுமுனையில் இருக்கும் இலக்கு வட்டத்தின் நடுப்புள்ளி வரை 28.35 மீட்டர்.

4. பெபிள். பனித்தளம் கண்ணாடி போல வழவழப்பாக இருப்பதில்லை. ஆட்டத்துக்கு முன்னால், முதுகில் தொட்டி மாட்டிய ஒருவர் பூவாளி போன்ற குழாயால் நீர்த்துளிகளைத் தெளித்துக்கொண்டே நடப்பார். அவை விழுந்த இடத்திலேயே உறைந்து சின்னச் சின்ன மேடுகளாக நிற்கும், அதற்குத்தான் பெபிள் என்று பெயர். பிறகு ஒரு கத்தியை ஓட்டி அந்த மேடுகளின் உச்சியைச் சீவிச் சமப்படுத்துவார்கள். கல் ஓடுவது இந்த உச்சிகளின் மேல். பெபிள் இல்லாத மழமழப்பான பனியில் விட்டால் கல் ரொம்ப சீக்கிரம் நின்றுவிடும், மறுமுனை வரை போய்ச் சேராது. வழவழப்பு கூடினால் வழுக்கலும் கூடும் என்ற நம் எதிர்பார்ப்பு இங்கே அப்படியே தலைகீழ்.

எவ்வளவு விசை?

கல் ஹாக் கோட்டைக் கடக்கும்போது வேகம் நொடிக்கு சுமார் 2.2 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். 28 மீட்டர் போய் நிற்கிறது, அதற்கு 25 நொடி ஆகிறது. இந்த மூன்று எண்ணை வைத்துக்கொண்டு பள்ளிக்கூட இயக்கச் சமன்பாட்டிலேயே நிறைய எடுத்துவிடலாம்.

வேகக் குறைவு விகிதம், வேகத்தின் வர்க்கத்தை இருமடங்கு தூரத்தால் வகுத்தால் கிடைக்கும்: நொடிக்கு நொடி சுமார் 0.086 மீட்டர். கல்லின் எடையால் பெருக்கினால் உராய்வு விசை 2 நியூட்டனுக்குக் கொஞ்சம் கீழே. அதாவது உராய்வுக் கெழு 0.01க்குப் பக்கத்தில். சாதாரண மேசையில் பாத்திரம் தள்ளும்போது இருப்பதில் இருபதில் ஒரு பங்குகூட இல்லை.

பக்கவாட்டில் கல் சுமார் ஒரு மீட்டர் வளைகிறது, நல்ல தளத்தில் அதற்கு மேலும். 25 நொடியில் ஒரு மீட்டர் நகர்த்த வேண்டுமானால் சராசரியாக 0.064 நியூட்டன் போதும். ஆறு, ஏழு கிராம் எடைக்குச் சமமான விசை. இருபது கிலோ கல்லை வளைப்பது அவ்வளவுதான்! இத்தனை வருடமாக விடை பிடிபடாததற்கு முக்கியமான காரணம் இந்த எண் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. இவ்வளவு சின்ன விசையை உண்டாக்கப் பல வழிகள் இருக்கும், அவற்றில் எது உண்மையானது என்று பிரித்தெடுப்பதுதான் கஷ்டம்.

பனி வழுக்குவது அழுத்தத்தால் அல்ல

"கல்லின் எடை பனியை அழுத்தி உருக வைக்கிறது, அந்தத் தண்ணீரில் கல் வழுக்குகிறது" என்று பல புத்தகங்களில் படித்திருப்போம். இதையும் கணக்குப் போட்டுப் பார்த்துவிடலாம்.

பனியின் உருகுநிலையை அழுத்தத்தால் ஒரே ஒரு டிகிரி குறைக்க வேண்டுமென்றால் காற்றழுத்தத்தைப் போல சுமார் 135 மடங்கு அழுத்தம் வேண்டும். கர்லிங் தளத்தின் மேற்பரப்பு சுமார் மைனஸ் 5 டிகிரி. அப்படியானால் 600 மடங்குக்கும் மேல். கல்லின் எடை முழுவதும் அந்த வளையத்தின் மொத்தப் பரப்பிலும் பரவினால் கிடைப்பது ஒரு காற்றழுத்தத்தைவிடக் குறைவு. பெபிள் உச்சிகளில் மட்டும் தொடுகிறது, உண்மையான தொடுபரப்பு வளையத்தில் நூறில் ஒரு பங்கு என்று வைத்துக்கொண்டாலும் 80 மடங்கு சொச்சம்தான் வரும். உருகுநிலை அரை டிகிரி சொச்சம் குறையும், மீதி நாலரை டிகிரிக்கு எங்கே போவது?

வேறு இரண்டு காரணங்கள் இருக்கின்றன. உறைநிலைக்குக் கீழேயும் பனியின் மேற்பரப்பில் மூலக்கூறுகள் முழுசாகக் கட்டுண்டு கிடப்பதில்லை, மிக மெல்லிய தளர்வான படலம் ஒன்று எப்போதும் இருக்கும். மைக்கேல் ஃபாரடே 1850 வாக்கிலேயே இதைப் பற்றிப் பேசியிருக்கிறார். இன்னொன்று உராய்வு வெப்பம். பவ்டன், ஹியூஸ் என்ற இருவர் 1939இல் இதைச் சோதனையோடு காட்டினார்கள்: உரசும்போது பிறக்கும் சூடே தொடும் இடத்தை இளக்கி மசகு போட்டுக்கொள்கிறது.

இந்த இரண்டாவது காரணத்திலிருந்து கர்லிங்குக்கு மிக முக்கியமான ஒரு விளைவு கிடைக்கிறது. வேகமாக உரசினால் சூடு அதிகம், மசகு அதிகம், உராய்வு குறைவு. மெதுவாக உரசினால் உராய்வு கூடும். அதாவது கல்லின் வேகம் குறையக் குறைய உராய்வுக் கெழு ஏறிக்கொண்டே போகிறது. மேசை, தரை போன்ற இடங்களில் உராய்வு வேகத்தைப் பொறுத்துப் பெரிதாக மாறாது என்றுதான் பாடத்தில் படித்திருக்கிறோம். பனியில் அந்த விதி செல்லாது. பெபிள் ஏன் தேவை என்பதும் இங்கே கொஞ்சம் புரியும்: தொடும் இடம் குறைந்தால் சூடு அந்தச் சின்ன இடங்களிலேயே குவியும்.

டம்ளர் போகும் திசையும் கல் போகும் திசையும்

வீட்டிலேயே செய்து பார்க்கக்கூடிய ஒன்று. ஒரு எவர்சில்வர் டம்ளரை வழவழப்பான மேசையில் கவிழ்த்து வைத்து, வலஞ்சுழியாக, அதாவது மேலிருந்து பார்த்தால் கடிகார முள் போகும் திசையில், ஒரு சுழற்று சுழற்றி முன்னால் தள்ளிவிடுங்கள். டம்ளர் இடப்பக்கம் வளையும். அதே வலஞ்சுழியில் விட்ட கர்லிங் கல் வலப்பக்கம் வளையும். இரண்டுமே அடியில் வளையம் உள்ள பொருள்தான், இரண்டுமே சுழன்றுகொண்டே சறுக்குகின்றன, ஆனால் எதிரெதிர்த் திசையில் போகின்றன.

டம்ளர் ஏன் இடப்பக்கம் போகிறது என்பது எளிது.

1. வலஞ்சுழியில் சுழலும்போது வளையத்தின் முன்விளிம்பு வலப்பக்கம் நகர்கிறது, பின்விளிம்பு இடப்பக்கம் நகர்கிறது.

2. உராய்வு எப்போதும் நகர்வுக்கு எதிராக இருக்கும். ஆகவே முன்விளிம்பில் இடப்பக்கமாக ஒரு இழுப்பு, பின்விளிம்பில் வலப்பக்கமாக ஒரு இழுப்பு. இரண்டும் சமமாக இருந்தால் ஒன்றையொன்று கழித்துக்கொள்ளும், டம்ளர் நேராகப் போகும்.

3. ஆனால் உராய்வு பிடித்து இழுப்பது அடியில், டம்ளரின் நிறை மையம் மேலே. ஓடுகிறவரின் காலை வாரிவிட்டது போல டம்ளர் முன்பக்கம் சாய முனையும். முன்விளிம்பு மேசையை அதிகமாக அழுத்தும், அங்கே உராய்வு கூடும், முன்விளிம்பின் இழுப்பு ஜெயிக்கும். ஆகவே இடம்.

கர்லிங் கல்லுக்கும் இதே நியாயம் பொருந்த வேண்டும். உராய்வு ரொம்பக் குறைவு என்பதால் முன்பக்கச் சாய்வும் ரொம்பக் குறைவு, ஒன்றிரண்டு சதவீதம்தான். இருந்தாலும் திசை என்னவோ இடப்பக்கம்தான் வர வேண்டும். கல் வலப்பக்கம் போகிறது என்றால், ஒன்று பனியில் பின்விளிம்பு உராய்வு ஏதோ காரணத்தால் முன்விளிம்பைவிட அதிகமாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் முன், பின் என்று பார்ப்பதே தப்பாக இருக்க வேண்டும்.

முன்விளிம்பு, பின்விளிம்பு கோட்பாடுகள்

பல பத்தாண்டுகளாக ஆய்வாளர்கள் பிடித்துக்கொண்டது முதல் வழியை. பின்விளிம்பில் உராய்வு ஏன் அதிகம் என்பதற்கு ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். முன்விளிம்பு அதிகமாக அழுத்துவதால் அங்கே பனி கூடுதலாகச் சூடாகி உராய்வு குறைகிறது என்பது ஒன்று. 1981இல் ஜான்ஸ்டன் இந்த வழியில் கணக்குப் போட்டார். கல்லின் சுழற்சி மெல்லிய நீர்ப்படலத்தை இழுத்துக்கொண்டு முன்பக்கம் கொண்டுவருகிறது என்றார்கள் கனடாவின் மார்க் ஷெகெல்ஸ்கியும் அவருடைய கூட்டாளிகளும், 1996இல். பனித்தூள்தான் காரணம், அது வளையத்தின் சில இடங்களில் மட்டும் சேர்ந்துகொள்கிறது என்றார் டென்னி. ஜப்பானின் மாயெனோ தேய்மானத்தையும் ஆவியாதலையும் கொண்டுவந்தார்.

ஒவ்வொன்றும் தனியாகப் படித்தால் சரி என்றே தோன்றும். ஆனால் மொத்தமாக இந்தக் குடும்பத்தையே கவிழ்க்கும் ஒரு எண் இருக்கிறது.

கல் மறுமுனை போய்ச் சேர்வதற்குள் சுமார் மூன்று முறை சுற்றுகிறது. 25 நொடியில் மூன்று சுற்று என்றால், வளையத்தின் விளிம்பு சுழற்சியால் மட்டும் நகரும் வேகம் நொடிக்கு 5 சென்டிமீட்டர்கூட இல்லை. முன்னோக்கிய வேகமோ தொடக்கத்தில் 220 சென்டிமீட்டர், சராசரி 110. ஆக, வளையத்தின் எந்தப் புள்ளியிலும் உராய்வு கிட்டத்தட்ட நேராகப் பின்னோக்கித்தான் இருக்கிறது, பக்கவாட்டுப் பங்கு நூறில் இரண்டிலிருந்து நாலு வரை. மொத்த உராய்வே 2 நியூட்டன்தான். ஒரு பேச்சுக்கு முன்விளிம்பில் உராய்வே இல்லை, எல்லாமே பின்விளிம்பில்தான் என்று வைத்துக்கொண்டால்கூட, பக்கவாட்டு விசை நமக்குத் தேவையான 0.064 நியூட்டனைத் தொட்டும் தொடாமலும்தான் வரும். உண்மையில் முன்னுக்கும் பின்னுக்கும் அப்படி ஒரு மலை அளவு வித்தியாசம் இருக்க வாய்ப்பே இல்லை.

ஸ்வீடனின் உப்சாலா பல்கலைக்கழகத்துக் குழு 2013இல் இதையே விரிவாகக் கணக்கிட்டு, முன், பின் வித்தியாசத்தை மட்டும் நம்பும் எந்தக் கோட்பாடும் கல் உண்மையில் வளைகிற அளவைத் தர முடியாது என்று எழுதியது.

அதைவிடப் பெரிய சிக்கல்: சுற்றுகளின் எண்ணிக்கை

ஆட்டக்காரர்கள் ரொம்ப நாளாக அறிந்திருக்கும் ஒரு விஷயம் உண்டு. கல்லை மெதுவாகச் சுழற்றி விட்டாலும் கொஞ்சம் வேகமாகச் சுழற்றி விட்டாலும் வளைவு பெரிதாக மாறுவதில்லை. ஒன்றரைச் சுற்றுக்கும் நாலு சுற்றுக்கும் வித்தியாசம் எதிர்பார்ப்பதைவிட மிகவும் குறைவு. கன்னாபின்னாவென்று சுழற்றினால் வளைவு கூடுவதற்குப் பதில் குறையவே செய்யும்.

மேலே பார்த்த முன், பின் கணக்கில் பக்கவாட்டு விசை சுழற்சி வேகத்துக்கு நேர் விகிதத்தில் இருக்கிறது. சுற்றைப் பாதியாக்கினால் வளைவும் பாதியாக வேண்டும். ஆவதில்லை. என் பார்வையில் இந்த ஒரு சோதனைதான் எந்தக் கோட்பாட்டுக்கும் உரைகல். கல் வலப்பக்கம் போகும் என்று காட்டினால் மட்டும் போதாது, சுற்று குறைந்தாலும் ஏன் அதே அளவு வளைகிறது என்றும் சொல்லியாக வேண்டும்.

இன்று களத்தில் நிற்கும் இரண்டு விளக்கங்கள்

முதலாவது, கீறல் விளக்கம். இதுவும் உப்சாலாவிலிருந்து 2013இல் வந்தது.

1. கல்லின் அடி வளையம் பளபளப்பாக இருப்பதில்லை, வேண்டுமென்றே சொரசொரப்பாக்கி வைத்திருப்பார்கள். அந்தச் சொரசொரப்பு தேய்ந்துபோன கல் சரியாக வளையாது, மறுபடி உரசிக் கொடுத்தால் வளையத் தொடங்கும். கற்களைப் பராமரிப்பவர்களுக்கு இது பழக்கமான வேலை.

2. அந்தச் சின்ன முனைகள் பெபிள் உச்சிகளில் நுண்ணிய கீறல்களைப் போடுகின்றன. வலஞ்சுழிக் கல்லின் முன்விளிம்பு முன்னாலும் கொஞ்சம் வலப்பக்கமும் நகர்வதால், கீறல்களும் பாதையிலிருந்து லேசாக வலப்பக்கம் சாய்ந்திருக்கும்.

3. அடுத்த நொடியின் சின்னப் பகுதியில் பின்விளிம்பு அதே பெபிள் மேல் வருகிறது. பின்விளிம்பு முன்னாலும் கொஞ்சம் இடப்பக்கமும் நகர்கிறது. அதன் முனைகள் ஏற்கெனவே போட்ட கீறல்களை ஒரு சின்னக் கோணத்தில் குறுக்கே கடக்க வேண்டியிருக்கிறது. கீறலின் சுவர் அவற்றைத் தடுத்து, கீறல் போகும் வழிக்கே, அதாவது வலப்பக்கம் தள்ளுகிறது.

இதில் அழகு என்னவென்றால் சோதித்துப் பார்க்கலாம். பனியில் முன்கூட்டியே சாய்வாகக் கீறல் போட்டுவிட்டுக் கல்லை விட்டார்கள். கல் கீறலின் திசைக்குத் திரும்பியது. இந்தக் கீறலின் பங்கை இனி யாரும் புறக்கணிக்க முடியாது. ஆனால் சாதாரண ஆட்டத்தில் கல் தானே போடும் மெல்லிய கீறல்கள் முழு ஒரு மீட்டர் வளைவுக்கும் போதுமா என்பதில் எதிர்ப்பு இருக்கிறது.

இரண்டாவது, இட, வல விளக்கம். இதுதான் உண்மையில் பழையது. கனடாவின் சஸ்காச்சுவானில் ஹாரிங்டன் 1924இல் கற்களை அளந்துவிட்டு இந்த வழியைச் சொன்னார். வலஞ்சுழிக் கல்லின் இடப்பக்கம் சுழற்சியும் முன்னோக்கி, ஓட்டமும் முன்னோக்கி, ஆகவே பனியின் மேல் வேகம் அதிகம். வலப்பக்கத்தில் சுழற்சி பின்னோக்கி, ஆகவே வேகம் குறைவு. பனியில் வேகம் குறைந்தால் உராய்வு கூடும் என்று பார்த்தோம். வலப்பக்கம் அதிகமாகப் பிடிக்கிறது, கல் வலப்பக்கம் போகிறது. திசை சரியாக வருகிறது.

உடனே வரும் எதிர்ப்பும் நியாயமானதே. இடப்பக்க உராய்வும் பின்னோக்கி, வலப்பக்க உராய்வும் பின்னோக்கி. இரண்டின் அளவு வேறுபட்டால் கல் திருகும், ஆனால் பக்கவாட்டில் தள்ளும் விசை எங்கிருந்து வரும்? இந்த இடத்தில்தான் ஹாரிங்டனின் யோசனை பல காலம் ஓரங்கட்டப்பட்டுக் கிடந்தது.

அதற்கு ஒரு பதில், கல் தொடர்ச்சியாகச் சறுக்குவதாக நினைப்பதை விட்டுவிடுவது. வளையத்தின் ஒரு முனை ஒரு பெபிளில் கண நேரம் மாட்டிக்கொள்கிறது என்று வையுங்கள். அந்தக் கணத்தில் கல் அந்தப் புள்ளியைச் சுற்றித் திரும்புகிறது, பிறகு பிடி விட்டுச் சறுக்குகிறது, பிறகு வேறொரு பெபிள். மெதுவான பக்கத்தில் இப்படி மாட்டுவது அதிகம் என்றால், ஒவ்வொரு முறையும் கல்லின் மையம் அந்தப் பக்கம் நூலிழை நகரும். ஷெகெல்ஸ்கி, தன் பழைய நீர்ப்படலக் கோட்பாட்டை விட்டு நகர்ந்து, எட்வர்ட் லோசோவ்ஸ்கியோடு சேர்ந்து 2016இல் இந்த மாதிரியைத்தான் முன்வைத்தார்.

பிறகு 2022இல் டோக்கியோவின் ரிக்கியோ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜிரோ முராட்டா 122 முறை விடப்பட்ட கற்களைக் கேமராவால் துல்லியமாக அளந்து ஒரு ஆய்வு வெளியிட்டார். கல் மெதுவான பக்கத்தில் இருக்கும் ஒரு உராய்வு மையத்தைச் சுற்றி ஊசலாடுவது போல நகர்கிறது, வேகத்தைப் பொறுத்து உராய்வு மாறுவதே இதற்கு அடிப்படை, ஆக இட, வல வேறுபாடுதான் முதன்மைக் காரணம் என்பது அவர் முடிவு. நூறு வருடச் சண்டை முடிந்தது என்ற தொனியில்தான் அந்தக் கட்டுரை இருக்கிறது.

முடிந்ததா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. முராட்டா அளந்தது கல்லின் நகர்வை. மூன்று தரப்பிலும் யாரும் ஓடுகிற கல்லின் அடியில் ஒரு பெபிளும் ஒரு முனையும் தொடும் கணத்தை நேராகப் பார்த்துச் சொல்லவில்லை. அப்புறம், பெபிளில் முனை மாட்டுவதும் பெபிளில் முனை கீறுவதும் அவ்வளவு தனித்தனி நிகழ்ச்சிகளா என்ன? சொரசொரப்பு இல்லாமல் இரண்டுமே நடக்காது.

தேய்ப்பது என்ன செய்கிறது

கல் ஓடும்போது உராய்வால் பனிக்குக் கொடுக்கும் சூடு நாலு வாட்டைத் தாண்டாது. உடம்பின் எடையைப் பிரஷ்ஷில் சாய்த்து வேகமாகத் தேய்க்கும் ஒருவர் அதைவிடப் பல மடங்கு சூட்டைக் கொடுக்க முடியும். பனி உருகி ஓடாது, மேற்பரப்பு கொஞ்சம் சூடாகும், அவ்வளவே. தூளும் ஒதுங்கும். உராய்வு குறைகிறது, கல் சில மீட்டர் கூடுதலாகப் போகிறது, கூடவே வளைவும் குறைகிறது. ஆட்டத்தில் அவர்கள் தொண்டை கிழியக் கத்திக்கொள்வது இந்த இரண்டையும் பற்றித்தான்: எடை (கல்லை விட்ட வேகத்துக்கு அவர்கள் வைத்த பெயர்) போதுமா, கோடு (கல் போகும் பாதை) சரியா. தேய்த்தால் தூரம் கூடும், ஆனால் வளைவு போய்விடும். வளைய விட்டால் தூரம் போதாது. கல் பாதி வழி போன பிறகும் முடிவெடுத்துக்கொண்டே இருக்கும் விளையாட்டு இது.

2015இல் இதில் ஒரு பெரிய கலாட்டா நடந்தது. சில புதிய பிரஷ் தலைகளின் துணி வழக்கத்தைவிடச் சொரசொரப்பாக இருந்தது. அவற்றால் ஒரு பக்கச் சாய்வில் தேய்த்தால் கல்லை அந்தப் பக்கமோ எதிர்ப் பக்கமோ கிட்டத்தட்ட ஓட்டிச் செல்ல முடிந்தது. எறிந்தவர் தவறாக எறிந்திருந்தாலும் தேய்ப்பவர்கள் திருத்திவிடலாம் என்றால் எறியும் திறமைக்கு என்ன மதிப்பு என்று பல முன்னணி அணிகளே கொதித்தன. உலக கர்லிங் கூட்டமைப்பு அவசரமாகக் கட்டுப்பாடு கொண்டுவந்தது. 2016 மே மாதம் கனடாவின் கெம்ப்ட்வில்லில் ஆட்டக்காரர்களையும் கனடா தேசிய ஆராய்ச்சி மன்றத்தின் விஞ்ஞானிகளையும் வைத்து நாட்கணக்கில் சோதனை நடத்தினார்கள். அதற்குப் பிறகு போட்டிகளில் அங்கீகரித்த துணி மட்டும்தான்.

"தேய்ப்பது வெறும் சூடுதான்" என்று நம்பினால் இந்தக் கலாட்டா புரியவே புரியாது. சூட்டுக்கு இடம், வலம் கிடையாது. கீறலுக்கு உண்டு. சொரசொரத் துணி பனியில் ஒரு திசையில் கோடு போட்டது, கல்லின் அடி வளையம் அந்தக் கோடுகளைப் பின்பற்றியது. உப்சாலாச் சோதனையில் செய்தது இங்கே ஆட்டத்தின் நடுவிலேயே நடந்தது. துணிக் கட்டுப்பாடு வந்த பிறகும் இந்த உத்தி முழுசாக மறையவில்லை. இரண்டு பேர் தேய்க்கலாம் என்ற இடத்தில் ஒரே ஒருவர், கல்லின் ஒரு குறிப்பிட்ட பக்கத்திலிருந்து தேய்ப்பதை இப்போதும் பார்க்கலாம்.

விரல் பட்டால் என்ன ஆகும்?

கல்லை விட்ட பிறகு விரல் பட்டது, படவில்லை என்று சண்டை வரும்போதெல்லாம், இருபது கிலோ கல்லை ஒரு விரல் என்ன செய்துவிடும் என்று பலர் கேட்கிறார்கள். மேலே இருக்கும் எண்களை வைத்தே பதில் சொல்லிவிடலாம்.

50 கிராம் எடை அளவு விசையோடு ஒரு விரல் கல்லின் பக்கவாட்டில் 0.2 நொடி படுகிறது என்று கொள்வோம். உந்த மாற்றம் 0.1 நியூட்டன் நொடி. கல்லின் பக்கவாட்டு வேகம் நொடிக்கு 5 மில்லிமீட்டர் மாறும். 2.2 மீட்டர் வேகத்தில் அது மிகச் சின்னத் திசை மாற்றம், ஆனால் 28 மீட்டர் தாண்டிப் போய்ச் சேரும்போது 6 சென்டிமீட்டர் விலகியிருக்கும். அதே தொடுதல் பின்னாலிருந்து முன்னோக்கிப் பட்டால், கல் சுமார் 13 சென்டிமீட்டர் கூடுதலாகப் போகும். நடுப்புள்ளிக்கு யாருடைய கல் அருகில் என்று கருவி வைத்து அளந்து பார்க்கும் ஆட்டத்தில் இது சின்ன விஷயமில்லை.

ஹாக் கோட்டுக்கு முன்னால் கை எடுக்கப்பட்டதா என்று பார்க்கும் மின்னணு உணரி கைப்பிடிக்குள் இருக்கிறது. கைப்பிடியைத் தொட்டால் அது சொல்லும். கிரானைட்டைத் தொட்டால் சொல்லாது.